சம்மந்தி வீட்டு அயன்

பள்ளிவாசல்துறையில் யார் வீட்டு அயன் கரி பிடித்தாலும் அது கடைசியில் றம்லாவின் வீட்டுக்குத்தான் வரும். உடுப்பு மினுக்குகிற அந்தச் சாமானைத் தலைகீழாய்த் திருப்பி ஒரு தரம் பார்த்தால் போதும், அந்த வீட்டில் என்ன நடந்தது என்று அவள் சொல்லிவிடுவாள். கறுப்பாய்ப் பளபளவென்று ஒட்டியிருந்தால் அபாயா, மினுக்கியவள் அவசரக்காரி. மஞ்சளாய்ப் பொருக்குக் கட்டியிருந்தால் ஆம்பிளைகள் இடுப்பில் கட்டுகிற கஞ்சி போட்ட சாரம், மினுக்கியவள் சோம்பேறி. துணித்துண்டே பிய்ந்து ஒட்டிக்கொண்டு வந்தால், அயனை அப்படியே வைத்துவிட்டு வாசலில் கதைக்கப் போன வாயாடி. இதையெல்லாம் முகத்துக்கு நேரே சொல்லுவாள். ஆனாலும் கொண்டுவருவார்கள். அவள் கையில் போன அயன் புதுசாய்த் திரும்பி வரும், அதற்கு ஒரு சதமும் வாங்கமாட்டாள். ஏசக் கிடைக்கிறதே அவளுக்குக் கூலி.

இந்த வேலை குவைத்தில் பழகியது. மகன் றிஸ்கான் தத்தித் தத்தி நடக்கத் தொடங்கிய காலத்தில் அவனைக் கூடப்பிறந்த ராத்தா ஜெய்னம்புவிடம் விட்டுவிட்டு வீட்டு வேலைக்குப் போனாள். புருஷன் லத்தீப்புக்கு அப்போது மீன் பிடிக்கச் சொந்த வள்ளம் இல்லை, ஆரோ ஒருத்தரின் வள்ளத்தில் கூலிக்குப் போய்க்கொண்டிருந்தான். குவைத்தில் அந்தப் பெரிய வீட்டு ஆம்பிளைகளின் நீளமான வெள்ளை அங்கிகளை மினுக்குவதுதான் அவளுக்குப் பெரிய வேலை. ஒரு நாள் புது அயனில் கரி பிடித்துவிட்டது. நம்மட ஊர்ப் பிள்ளை, உப்பு வாய்க்கால்களைப் பார்த்து வளர்ந்தவள், என்ன செய்வாள்? தாளில் கல்லுப்பைக் கொட்டி, அயனைச் சுடவைத்து அதன்மேல் பரபரவென்று தேய்த்துவிட்டாள். கரி போனது. கரியோடு அடியில் இருந்த பூச்சும் போனது. அதற்குப் பிறகு அந்த அயன் துணியில் வழுக்கவில்லை, இழுத்தது, நூலைப் பிடுங்கியது. வீட்டுக்காரி போட்ட சத்தம் றம்லாவின் காதில் இன்றைக்கும் கேட்கும். வெறும் இரும்பு அடி என்றால் கல்லுப்பு, பூச்சு அடி என்றால் காய்ச்சலுக்கு விழுங்குகிற பனடோல் குளிசை. இதை அவள் அழுது படித்தாள்.

ஊருக்குத் திரும்பும்போது அந்த வீட்டுக்காரி பாரமான பழைய அயன் ஒன்றைக் கொடுத்துவிட்டாள். அதைத் தூக்கிக்கொண்டு வந்து இறங்கினால், றிஸ்கான் பள்ளிக்கூடம் போகிற பிள்ளையாய் நிற்கிறான். கிட்டே வரமாட்டேன் என்கிறான். ஜெய்னம்புவை உம்மா என்கிறான், இவளை ஒன்றும் சொல்லிக் கூப்பிடுகிறானில்லை. ஊரான் பெத்த பிள்ளைகளுக்கெல்லாம் உடுப்பு மினுக்கிப் போட்டுவிட்டு வந்தவளுக்கு அது எப்படி இருந்திருக்கும்! பாயில் குப்புறப் படுத்து அழுதாள். பிறகு ஒரு வெள்ளிக்கிழமை, அவனாகவே கொலர் வைத்த வெள்ளைச் சேட்டைச் சுருட்டிப் பிடித்துக்கொண்டு கதவடியில் வந்து நின்று கேட்டான்.

"ஜும்ஆவுக்குப் போகோணும். இத மினுக்கித் தாங்க, உம்மா."

அந்த வாயால் அவளுக்குக் கிடைத்த முதல் உம்மா அது. குவைத் அயனை எடுத்தாள், மினுக்கிக் கொடுத்தாள். அன்றிலிருந்து அவனுடைய வெள்ளிக்கிழமைச் சேட்டை வேறு ஆர் கையும் தொட்டதில்லை. காய்ச்சலோடு எழும்பிக்கூட மினுக்கியிருக்கிறாள்.

இப்படி இருக்க அவனுக்குக் கலியாணம் வந்தது. எங்கட ஆக்களின் வழக்கம் தெரியும்தானே, மாப்பிள்ளைதான் பொம்பிளை வீட்டுக்குப் போய் இருக்கவேண்டும். றிஸ்கான் பஸ் ஏறிப் போகிற தூரத்தில் இருக்கிற எத்தாளை என்ற ஊருக்குப் போனான். பெண் ஷிம்லா, பாலர் பாடசாலை ரீச்சர், அமைதியான பிள்ளை. றம்லாவே தேடிப் பார்த்தும் அவளில் ஒரு பிழை கிடைக்கவில்லை. வயிற்றெரிச்சல் எல்லாம் ஷிம்லாவின் உம்மா ஸபீனாவின் மேலே. ஸபீனாவுக்கு ஆம்பிளைப் பிள்ளை இல்லை, புருஷனும் மவுத்தாகிவிட்டார். அதனால் மருமகன் வந்ததிலிருந்து அவளுக்குக் கால் நிலத்தில் இல்லை. றம்லாவைக் கண்ட இடத்தில் எல்லாம் தேன் வடியத் தொடங்கிவிடுவாள்.

"மருமகனுக்கு நண்டுக்கறி எண்டா உசிர் மதினி. நேத்தும் சட்டிய வழிச்சித் திண்டார்."

"என்ட வயித்துல கிடந்தவனுக்கு நண்டு புடிக்கும் எண்டு எனக்குச் சொல்லித்தாறா!" என்று றம்லா வீட்டுக்கு வந்து லத்தீப்பிடம் கொதிப்பாள். "சட்டிய வழிச்சானாம். நான் ஆக்கினா சட்டியில மிச்சம் வெச்சிட்டுத்தானே எழும்புவான்."

லத்தீப் வலைக்கு முடிச்சுப் போட்டபடி சொல்லுவான், "ஒண்ட சட்டி பெரிசு புள்ள."

ஆனால் வெள்ளிக்கிழமை அவளுடையது. கலியாணத்துக்குப் பிறகும் ஜும்ஆவுக்கு றிஸ்கான் பள்ளிவாசல்துறைக்குத்தான் வருவான். வாப்பாவோடு சேர்ந்து பள்ளிக்குப் போய், உம்மாவின் சோற்றைத் தின்றுவிட்டுத்தான் திரும்புவான். ஒரே ஒரு கரைச்சல், வரும்போதே சேட்டு மினுக்கிய சேட்டாக இருக்கும். அதுவும் எப்படி மினுக்கியது! ரெண்டு கையிலும் தோளிலிருந்து மணிக்கட்டு வரை கத்தி போல மடிப்பு. ஒரு கையில் ரெட்டைக் கோடு வேறு. வெள்ளைச் சேட்டின் கையில் மடிப்பு விழுந்தால் றம்லாவுக்குக் கண்ணில் தூசு விழுந்த மாதிரி.

"ஆர் மினுக்கின இது? ஒண்ட மாமியா?"

றிஸ்கான் சுவரைப் பார்த்துச் சிரிப்பான்.

"கழட்டு. இந்தக் கோலத்தோட அல்லாஹ்ட வீட்டுக்குப் போறதா? கழட்டு எண்டுறன்."

கழற்றிக் கொடுப்பான். அவள் தண்ணீர் தெளித்து, குவைத் அயனால் அந்த மடிப்பை இருந்த இடம் தெரியாமல் அழித்துக் கொடுப்பாள். அழிக்கும்போது ஸபீனாவையே அழிக்கிற மாதிரி ஒரு அழுத்தம் கொடுப்பாள். "மினுக்கின சேட்ட மினுக்குற ஒரே பொம்புள இந்த உலகத்துல என்ட பொண்டாட்டிதான்," என்று லத்தீப் வாசலில் இருந்து சொல்லுவான். ஒரு வெள்ளி றிஸ்கான் நன்றாகச் சுணங்கி, பாங்கு சொன்ன பிறகு ஓடிவந்தான். சேட்டைக் காணவில்லையாம், வீடு முழுக்கத் தேடினானாம். மினுக்க நேரம் இல்லை, மடிப்போடேயே பள்ளிக்குப் போனான். அன்றைக்கு றம்லாவுக்குச் சோறு இறங்கவில்லை.

அப்புறம் ஒரு திங்கட்கிழமை, றிஸ்கான் பேக் ஒன்றோடு வந்து நின்றான். உள்ளே சம்மந்தி வீட்டு அயன். புத்தம் புதுசு, ஆவி வருகிற வகை, அடியில் பூச்சு. அந்தப் பூச்சின் நடுவே ஊதா நிறத்தில் உள்ளங்கை அகலத்துக்கு ஒரு கரிப் பொருக்கு.

"மாமி தந்தனுப்பின. உம்மாட கையால மட்டுந்தான் இது போகுமாம்."

றம்லாவின் முகத்தைப் பார்க்கவேண்டும்! பெருநாள்தான். கதிரையை இழுத்துப் போட்டு உட்கார்ந்து, அயனை மடியில் வைத்துத் திருப்பினாள். "நைலோன் பர்தா. கொட்டன் சூட்டுலயே நைலோனத் தூக்கி வெச்சிருக்கி. புத்தியுள்ள பொம்புள செய்யிற வேலயா இது? தேனா ஊத்துற வாய்க்கு ஒரு பர்தா மினுக்கத் தெரியாதா?"

"ஆரோ தெரியாமச் செஞ்சது உம்மா," என்று றிஸ்கான் முணுமுணுத்தான். காது ரெண்டும் சிவந்திருந்தது. பிறகு போகிற போக்கில் சொன்னான், "வியாழனுக்குள்ள தருவீங்களா? இந்த வெள்ளி நான் இஞ்ச வரல்ல. மாமிட சொந்தத்துல ஒரு நிக்காஹ், ஜும்ஆ முடிஞ்ச கையோட எத்தாளப் பள்ளியில. அங்கயே தொழுவன்."

பெருநாள் அந்த இடத்திலேயே முடிந்தது.

அவன் போன பிறகு அவள் அயனைக் கையில் வைத்தபடியே இருந்தாள். இந்த வெள்ளி நிக்காஹ். அடுத்த வெள்ளி கந்தூரி. அதற்கடுத்த வெள்ளி மாமிக்குச் சுகமில்லை. அப்படித்தானே ஒவ்வொன்றாய்ப் போகும்? பிள்ளையை எடுத்தார்கள், வழக்கம் என்று சொல்லிப் பேசாமல் இருந்தாள். நண்டுக்கறியை எடுத்தார்கள், அதையும் விழுங்கினாள். இப்போது வெள்ளிக்கிழமையையும் எடுக்கிறார்கள். எடுக்கிறதுக்கு ஆயுதத்தையும் இவள் கையிலேயே கொடுத்துத் தீட்டித் தா என்கிறார்கள்!

என்றாலும் கைக்கு வந்த வேலையை விட்டுப் பழக்கமில்லை. அயனைச் சுடவைத்து, பிளக்கைக் கழற்றினாள். பனடோல் குளிசையை இடுக்கியால் பிடித்துக் கரியில் மெல்ல உரசினாள். குளிசை வெள்ளையாய் உருகி, கரி இளகி நுரையோடு வந்தது. பழைய சாரத் துண்டால் துடைத்தாள். திரும்பச் சுடவைத்து, திரும்ப உரசி, திரும்பத் துடைத்தாள். கரி போன அடி, முகம் பார்க்கலாம் போல மினுங்கியது. அதில் தன் முகத்தையே பார்த்தாள். பார்த்த முகம் அவளுக்கே பிடிக்கவில்லை.

இந்த மினுக்கத்தால் ஸபீனா நாளைக்குச் சேட்டு மினுக்குவாள். அயன் வழுக்கிக்கொண்டு போகும். ஒரு நாள் கையில் மடிப்பு விழாமல் மினுக்கவும் பழகிவிடுவாள். பிறகு கழட்டு என்று சொல்ல இங்கே ஒருத்தி எதற்கு?

எழும்பிக் குசினிக்குப் போனாள். உப்புப் பேணியை எடுத்துக்கொண்டு வந்தாள். என்ன செய்கிறோம் என்று தெரியாமல் செய்தாள் என்று சொன்னால் அது பொய். நன்றாகத் தெரியும். கடதாசியில் கல்லுப்பைப் பரப்பினாள், அயனைச் சுடவைத்தாள், உப்பு படபடவென்று வெடிக்க வெடிக்க அழுத்தித் தேய்த்தாள். பார்வைக்கு ஒன்றும் தெரியாது. வெளிச்சத்தில் சாய்த்துப் பார்த்தால்தான் மயிர் போல நுணுக்கமான கீறல்கள் தெரியும். எடுத்து பேக்கில் போட்டுவிட்டுக் கையைக் கழுவினாள். நெஞ்சுக்குள் குளிர்ந்த மாதிரி இருந்தது, கொஞ்ச நேரத்துக்கு.

வியாழக்கிழமை பின்னேரம் அசர் தொழுகைக்குப் பிறகு பஸ் ஏறித் தானே எத்தாளைக்குக் கொண்டுபோனாள். மகனிடம் கொடுத்தனுப்பியிருக்கலாம். ஸபீனா அயனை வாங்குகிற முகத்தைப் பார்க்கவேண்டும் என்று ஆசை. ஷிம்லாவும் றிஸ்கானும் கல்பிட்டிக்குச் சாமான் வாங்கப் போயிருந்தார்கள். ஸபீனா ஓடிவந்து கையைப் பிடித்தாள், கதிரையைத் துடைத்துப் போட்டாள், பிளேன்ரீயும் இனிப்புக்கு மஸ்கட்டும் கொண்டுவந்து வைத்தாள். அயனைத் திருப்பிப் பார்த்து, "மாஷா அல்லாஹ்! ஒங்கட கைக்கு என்ன குடுத்தாலும் தகும் மதினி," என்றாள். றம்லா மஸ்கட்டைப் பாதியில் வைத்துவிட்டாள்.

ஸபீனா வெளியே எட்டிப் பார்த்தாள். பிறகு களவெடுக்கப் போகிறவள் போல அலுமாரியைத் திறந்து, ஒரு புது வெள்ளைச் சேட்டை எடுத்து மேசையில் விரித்தாள்.

"நாளைக்கு நிக்காஹுக்கு மருமகன் போடுறதுக்கு ஷிம்லா வாங்கின. அவங்க வாறத்துக்குள்ள நான் மினுக்கி வெக்கப் போறன். நீங்க சொல்லிடாதீங்க மதினி." பிளக்கைக் குத்தி சுவிட்சைப் போட்டாள். அயனில் சிவப்பு லைட் பத்தியது.

"இதுல என்ன ஒளிப்பு? ஒவ்வொரு வெள்ளியும் நீங்கதானே மினுக்குறீங்க," என்றாள் றம்லா. குரலில் கசப்பு வழிந்தது.

"நானா? எனக்கு அந்த நஸீபு எங்க!" ஸபீனா முந்தானையால் கையைத் துடைத்தாள். "மருமகன் தொடவே விடுறாரில்ல. வெள்ளிக்கிழம எழும்பினவுடன தானே மினுக்குவார். அதுவும் பாருங்க, கையில வேணுமெண்டே மடிப்பு வெச்சி மினுக்குறார். ஒரு நாள் பொறுக்க ஏலாமக் கேட்டுட்டன், மகன், கொமருப் பிள்ளைகள் பாத்தாச் சிரிக்கும், ஏன் இப்பிடி எண்டு. என்ன சொன்னார் தெரியுமா? மடிப்பு இருந்தாத்தான் உம்மா கழட்டச் சொல்லுவா, கழட்டினாத்தான் உம்மா மினுக்குவா எண்டார். ஒண்டும் மினுக்காமலே கொண்டுபோனா, பொண்டாட்டி வீட்டுல ஒரு சேட்டு மினுக்கிக் குடுக்க ஆளில்லையா எண்டு ஒங்களுக்குக் கவலையாப் போயிடுமாம். அந்த நைலோன் பர்தாவும் அவர்தான் கரிச்ச. ஷிம்லாக்கு மினுக்கிக் குடுக்குறன் எண்டு போய்."

றம்லா கேட்டுக்கொண்டே இருந்தாள். பர்தா என்றதும் அந்த நிலையிலும் ஒரு முள்ளுக் குத்தியது. எனக்கு மூக்குத் துடைக்கிற ஒரு லேஞ்சி மினுக்கித் தந்தவனில்லையே! ஆனால் அந்த முள்ளுக்கு மேலே வேறொன்று பாறாங்கல்லாய் வந்து விழுந்தது. ரெட்டைக் கோடு. சுவரைப் பார்த்துச் சிரித்த சிரிப்பு. வாராவாரம் அவள் ஏசி ஏசி அழித்தது ஸபீனாவின் கைவேலையை அல்ல, தன் பிள்ளையின் கைவேலையை.

"எனக்குப் பொறாமதான் மதினி," என்றாள் ஸபீனா. இப்போது தேன் இல்லை, வெறும் குரல். "அல்லாஹ் எனக்கு ஆம்புளப் புள்ள தரல்ல. வீட்டுக்கு ஒண்டு வந்தா ஒரு சேட்டாவது மினுக்கிப் பாப்பம் எண்டுதான் இந்த அயனையே வாங்கின. அவர் வெள்ளிக்கிழம எண்டா ஒங்களுக்கிட்ட ஓடுறார். ஒரு வெள்ளி சேட்டக் காணாம வீடெல்லாம் தேடினார் தானே? காணாமப் போகல்ல. நான்தான் அலுமாரிக்கு மேல ஒளிச்சி வெச்சன். அல்லாஹ் மன்னிக்கோணும்."

லைட் அணைந்தது. அயன் சூடாகிவிட்டது. ஸபீனா பிஸ்மி சொல்லி அயனைத் தூக்கினாள், முகம் முழுக்கச் சிரிப்பு. அயன் புதுச் சேட்டின் நெஞ்சுக்கு மேலே இறங்கியது.

"வெக்காதீங்க!"

றம்லா பாய்ந்து சேட்டை உருவினாள். பிளேன்ரீக் கோப்பை உருண்டது. ஸபீனா அயனைத் தூக்கிப் பிடித்தபடி விறைத்து நின்றாள்.

"அந்த அயன் சேட்டக் கிழிக்கும். நான் உப்புப் போட்டுத் தேச்சிட்டன்." றம்லாவுக்கு மூச்சு வாங்கியது. "கரி பனடோலுக்கே போயிட்டுது. அதுக்குப் பொறகு தேச்சன். தெரிஞ்சேதான் தேச்சன். நீங்க என்ட புள்ளைக்கு மினுக்குறீங்க எண்டு எரிச்சல் தாங்க ஏலாம."

ஸபீனா அயனை ஜன்னல் பக்கம் சாய்த்துப் பார்த்தாள். கீறல்களைக் கண்டாள். ஆசையாய் வாங்கியது, முகம் வாடித்தான் போனது. ஏசுவாள் என்று றம்லா காத்திருந்தாள். ஏசினால் நல்லது என்றுகூட நினைத்தாள். ஸபீனா பிளக்கைக் கழற்றிவிட்டு, சிந்திய தேத்தண்ணியைத் துடைத்தாள்.

"அப்ப நாளைக்குச் சேட்ட எதால மினுக்குற?" என்று மட்டும் கேட்டாள்.

அன்றைக்குப் பொழுது பட முன்னமே லத்தீப் த்ரீவீலில் எத்தாளைக்குப் போனான். மடியில் குவைத் அயன். "இதக் குடுத்துட்டா நீ என்ன செய்வா?" என்று அவன் கேட்டதற்கு, "பாரமான சாமான், ரெண்டு கையாலயும் புடிச்சி எறங்குங்க," என்று மட்டும் றம்லா சொன்னாள். கீறிய அயன் அவளுடைய மேசைக்கு வந்துவிட்டது. வெள்ளிக்கிழமை நிக்காஹ் நடந்தது. கையில் மடிப்பில்லாத சேட்டோடு றிஸ்கான் நிற்கிற படத்தை ஷிம்லா போனில் அனுப்பினாள். றம்லா பெரிசாக்கிப் பார்த்தாள், கொலரைப் பார்த்தாள், பொத்தான் பட்டியைப் பார்த்தாள். ஒரு பிழையும் இல்லை. போனைக் குப்புறக் கவிழ்த்துவிட்டு மீன் வெட்டப் போனாள்.

அடுத்த வெள்ளி றிஸ்கான் வருவானா என்று அவள் ஆரிடமும் கேட்கவில்லை. காலையிலிருந்து வாசலைக் கூட்டியதையே கூட்டிக்கொண்டிருந்தாள்.

வந்தான். வழக்கமான வெள்ளைச் சேட்டு. அவள் அவனைச் சுற்றி ஒரு நடை நடந்தாள். கை வழவழவென்று இருந்தது. முதுகில் ஒரு சுருக்கம் இல்லை.

"மாமி மினுக்கினதா?"

"ஓம். ஒங்கட அயனாலதான். இனிச் சேட்டத் தொட விடமாட்டாவாம்."

"ம்." வயிறு எரிந்தது. தானே கொடுத்த அயன், தானே விட்ட இடம், எரிந்தாலும் வாய் திறக்க ஏலாது. குசினிப் பக்கம் திரும்பியவள் நின்றாள். அவன் வலது கையை முதுகுக்குப் பின்னால் வைத்திருந்தான்.

"கையில என்ன? காட்டு."

நீட்டினான். மணிக்கட்டிலிருந்து முழங்கை வரை சேட்டுக் கை பிழிந்து எடுத்த மாதிரிக் கசங்கிக் கிடந்தது.

"பஸ்ஸுல கசங்கிப்போச்சு," என்றான்.

"பஸ்ஸுல ஒரு கை மட்டுமா கசங்கும்?"

றிஸ்கான் சுவரைப் பார்த்துச் சிரித்தான்.

றம்லாவுக்குக் கண் நிறைந்துவிட்டது. அதை அவன் பார்க்க முன்னம் சத்தத்தை ஏற்றினாள். "கழட்டு! இந்தக் கோலத்தோட அல்லாஹ்ட வீட்டுக்குப் போறதா? கழட்டு எண்டுறன்!"

கீறிய அயனைச் சுடவைத்தாள். நூலைப் பிடுங்காமல் இருக்க, பழைய வெள்ளைத் துணியை நனைத்துப் பிழிந்து சேட்டுக் கையின்மேல் விரித்தாள். அயன் இழுத்து இழுத்துப் போனது. அவளும் விடாமல் பல்லைக் கடித்துக்கொண்டு மினுக்கினாள். கை முடிந்தது. லத்தீப் தொப்பியைப் போட்டுக்கொண்டு வாசலில் நின்று, "முடிஞ்சிதானே, குடு புள்ள, பாங்கு சொல்லப் போறாங்க," என்றான்.

"கொலரும் சரியில்ல," என்றாள் றம்லா.

கொலரை மினுக்கினாள். பிறகு முதுகைத் திருப்பினாள். பிறகு நெஞ்சுப் பக்கம், பிறகு மற்றக் கை. பாங்குச் சத்தம் கேட்கத் தொடங்கியது. ஸபீனா மினுக்கிய சேட்டில் ஸபீனாவின் கை பட்ட இடம் ஒன்று விடாமல் திரும்ப மினுக்கி முடித்துத்தான் அதை மகனிடம் கொடுத்தாள்.